மாப்பிள்ளை கேட்டு வந்தார்கள், மச்சான்

என் வாய்க்கு ஈடு கொடுத்த ஒரே ஆளான அன்பு மச்சானுக்கு,

முதலில் என் மானம் போன கதையைச் சொல்லிவிடுகிறேன். வேறு யாராவது சொல்லி உங்கள் காதுக்கு வந்தால் இன்னும் அசிங்கமாக வரும். போன ஞாயிற்றுக்கிழமை பட்டிப்பொலயில் ஒரு வீட்டு வாசலில் வெற்றிலைத் தட்டை ஏந்திக்கொண்டு நின்றேன். ஒரு வாரமாகக் கண்ணாடி முன்னால் பழகிய சிங்களத்தில், "ஆயுபோவன், நாங்கள் டயகமயிலிருந்து வருகிறோம், உங்களைக் காண்பது எங்கள் குடும்பத்துக்கே பெருமை" என்று முழுசாகச் சொல்லி முடித்தேன். ஜன்னல் திரை அசைந்தது. உள்ளே கேட்டுக்கொண்டிருக்கிறார்கள் என்று நினைத்து, இன்னும் கொஞ்சம் குனிந்து, மறுபடியும் முதலிலிருந்து சொன்னேன். வீட்டுக்குப் பின்னாலிருந்து ஒரு நாய் வந்து என் வேட்டியை மோந்து பார்த்துவிட்டு உட்கார்ந்தது. வீடு பூட்டிக் கிடந்தது மச்சான்.

வேனுக்குள்ளிருந்து அக்கா சத்தம் போட்டாள்: "நாய்க்கு நல்லா வெளங்கிருச்சு தம்பி. இன்னொருக்கா சொல்லு, வால ஆட்டும்."

பக்கத்துக் காய்கறித் தோட்டத்தில் லீக்ஸ் பிடுங்கிக்கொண்டிருந்த பெண்ணிடம் விசாரித்தேன். வீட்டுக்காரர்கள் காலையிலேயே வேன் பிடித்து டயகமவுக்குப் போய்விட்டார்கள் என்றாள். டயகமவுக்கா? யாரைப் பார்க்க? "மாப்பிள்ளை கேட்க" என்று சொல்லிவிட்டு அவள் பாட்டுக்கு லீக்ஸைப் பிடுங்கினாள். அந்த நேரம் பார்த்து என் போன் அடித்தது. பக்கத்து வீட்டு சரோஜா.

"அண்ணே, ஒரு சிங்களக் குடும்பம் வெத்திலையும் வாழச்சீப்பும் வச்சுக்கிட்டு ஒங்க வாசல்ல நிக்கிது. நான் பாய் போட்டு ஒக்கார வச்சிருக்கேன். நீங்க எங்க போய்த் தொலைஞ்சீங்க?"

"அவுங்க வாசல்லதான் நிக்கிறேன்."

சிரிக்காதீர்கள் மச்சான். சரி, சிரியுங்கள். நீங்கள் சிரித்துக் கேட்டு எவ்வளவு நாளாகிறது.

பிரகாஷுக்குத்தான் கல்யாணப் பேச்சு. என் மகன் என்று நான் பதிந்து வைத்திருந்தாலும் உங்கள் பின்னாலேயே திரிந்தவன். உங்களுக்கும் அக்காவுக்கும் பிள்ளை இல்லையே என்று யாராவது இழுத்தால் அவனைத் தூக்கிக் காட்டுவீர்களே, அவனேதான். இப்போது அம்பேவெல பக்கம் ஒரு மாட்டுப் பண்ணையில் வேலை செய்கிறான். சந்தமாலி என்ற பெண்ணும் அங்கேதான், பால் சோதிக்கிற வேலை. இவன் பாலைக் கொண்டுபோய்க் கொடுக்க, அவள் தண்ணீர் கலந்திருக்கிறதா என்று பார்க்க, அப்படி வளர்ந்த காதல். அவளுடைய அப்பா குணதாச, உருளைக்கிழங்கும் லீக்ஸும் போடுகிறவர். ஒரே பெண். அம்மாவுக்குக் கால் முடியாது.

சிங்களப் பெண் என்பதில் எனக்கு ஒரு வருத்தமும் இல்லை. அதற்காக அழ வேண்டிய உறவுக்காரர்கள் வேறு இருக்கிறார்கள். அவர்கள் அழுது முடித்துக் கல்யாணத்துக்குச் சேலையும் பார்த்தாகிவிட்டது. என் தொண்டையில் சிக்கியது வேறு. "கல்யாணத்துக்கப்புறம் நான் அங்கேயே இருந்திர்றேன்ப்பா" என்றான் பாருங்கள், அந்த 'அங்கேயே'தான்.

வீட்டோடு மாப்பிள்ளை. அந்தப் பேர் நம் வீட்டுக்குப் புதிதா என்ன? எங்கள் அப்பா போனபிறகு அம்மா, கொழுந்து பறிக்கும் அக்கா, பள்ளிக்கூடத்துக்குப் போகிறேன் என்று சொல்லிக்கொண்டு திரிந்த நான், இவ்வளவுதான் தேயிலைத் தோட்டத்து லயத்தில், அந்த ஒற்றையறைக் காம்பராவில். அக்காவைக் கட்டிக் கொடுத்து அனுப்பினால் அடுப்பு எரியாது. அதனால் பொகவந்தலாவையிலிருந்து நீங்கள் ஒரு ட்ரங்குப் பெட்டியோடு பஸ்ஸில் வந்து இறங்கினீர்கள். லயமே கிண்டல் பண்ணியது. அதில் தலைவர் நான்தான். "மச்சான், எங்க வீட்டு சோறு எப்படி இருக்கு?" என்று கேட்பேன். நீங்கள் அசரமாட்டீர்கள். "மாப்புள, நான் ஒங்க வீட்டுக்கு வரல்ல. ஒங்கக்காகிட்ட வந்தேன். வீடு அவ இருந்த எடத்துல இருந்துச்சு, அதுக்கு நான் என்ன பண்ண?"

அதையெல்லாம் நினைக்காமல், நான் முறுக்கிக்கொண்டு கிளம்பினேன். பின்பக்கம் பிரகாஷுக்கென்று ஒரு அறை கட்டி, பச்சைப் பெயிண்ட் அடித்து, கட்டில்கூடப் போட்டாகிவிட்டது. நாய்க்குச் சொன்னது என் பேச்சின் முன்பாதி. பின்பாதி இதுதான்: பெண்ணை நாங்கள் அழைத்துக்கொண்டு போகிறோம், இல்லையென்றால் இந்தப் பேச்சே வேண்டாம். இருக்கிற ஒரே பையன் மச்சான். அவன் செருப்பு வாசலில் கிடக்காத வீட்டில் நானும் என் மனைவி லெட்சுமியும் ஒருவர் முகத்தை ஒருவர் பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருப்பதா? என் முகத்தை அவ்வளவு நேரம் பார்க்க அவளாலும் முடியாது.

"நீங்க வாயத் தெறக்காம இருந்தாலே காரியம் நல்லபடியா முடியும்" என்று லெட்சுமி வழியெல்லாம் சொல்லிக்கொண்டு வந்தாள். சாதாரண தரப் பரீட்சை வரை படித்தவன் நான். சித்தியடைந்தேனா என்பது இப்போது எதற்கு? ஒரு பேச்சைப் பாதியில் விடுகிற பழக்கம் எனக்கு இல்லை.

இந்தக் குழப்பம் எப்படி வந்தது என்று கேட்பீர்கள். பையன் வீட்டார் பெண் வீட்டுக்குப் போவது நம் பழக்கம், நாங்கள் போனோம். அவர்கள் பக்கத்தில், மாப்பிள்ளை பெண் வீட்டில் வந்து வாழ்கிற கல்யாணத்துக்குப் 'பின்ன' என்று தனியாகப் பேரே இருக்கிறது. அப்படியென்றால் பெண்ணைப் பெற்றவர்கள் போய்ப் பையனைக் கேட்க வேண்டும் என்பது குணதாச குடும்பத்து வழக்கம். அவர்கள் வந்தார்கள். நம் பிரகாஷ் இரண்டு பக்கமும் "ஞாயித்துக்கெழம பேசிருவோம்" என்று மட்டும் சொல்லிவிட்டு, அவளோடு பண்ணையில் வேலைக்குப் போய்விட்டான். எந்த வீட்டில் என்று சொல்லவில்லை. காதலிக்கிறவனிடம் இவ்வளவு எதிர்பார்த்தது எங்கள் தப்பு.

சரோஜாவின் போனிலேயே பேசி, இரண்டு வேனும் நானுஓயாவில் சந்திப்பதென்று முடிவானது. அங்கே ஒருவரை ஒருவர் கும்பிட்டுவிட்டு, யார் வீட்டுக்குப் போவது என்று ரோட்டிலேயே ஒரு மரியாதைச் சண்டை. "ராகுகாலம் வந்துரும், எங்கயாச்சும் ஒக்காருங்க" என்று அக்கா அவசரப்பட்டாள். குணதாச மாத்தயாவும் தன் நல்ல நேரம் போகிறதென்று கடிகாரத்தைப் பார்த்தார். இரண்டு பேருடைய நேரமும் நெருக்கியதால், பக்கத்திலிருந்த ஒரு முஸ்லிம் நானாவின் தேநீர்க் கடைக்குள் எல்லோரும் நுழைந்தோம்.

அவர் என்னை மதித்துத் தமிழில் பேசினார். நான் அவரை மதித்துச் சிங்களத்தில் பேசினேன். இரண்டு பேருக்கும் ஒன்றும் புரியவில்லை. நானா பொறுத்துப் பொறுத்துப் பார்த்துவிட்டு, "அவரவர் பாஷையில பேசுங்க, எனக்கு ரெண்டும் தெரியும். அதோட ஒரு தட்டக் கீழ வைங்க. ரெண்டு வெத்திலத் தட்ட மேசையில பரப்பினா பிளேன்டீய எங்க வைக்கிறது, என் தலையிலயா?" என்றார்.

நான் என் பின்பாதியை ஆரம்பிக்கத் தொண்டையைச் செருமினேன். அதற்குள் குணதாச எழுந்துவிட்டார். என்னைவிட வயதில் மூத்தவர், நரைத்த மீசை. வெற்றிலையை இரண்டு கையாலும் ஏந்தி என் முன்னால் குனிந்து, தமிழிலேயே சொன்னார்:

"நாங்க வந்தது ஒங்க மகன கேக்க. மகன் எங்க வீட்டுக்கு வாறது. அப்ப கேக்க வேண்டிய ஆள் நாங்கதானே? தர முடியுமா?"

மச்சான், நம்மில் பெண்ணைத்தான் கேட்பார்கள். பையனைப் பெற்றவன் கால்மேல் கால் போட்டுக்கொண்டு உட்கார்ந்திருப்பான். என் பையனை ஒருவர் குனிந்து கேட்பார் என்று நான் நினைத்ததே இல்லை. உங்களை இப்படி யாராவது பொகவந்தலாவைக்கு வந்து கேட்டார்களா? அம்மா ஆள் அனுப்பினாள், நீங்கள் பெட்டியோடு வந்தீர்கள், அவ்வளவுதானே?

நான் வெற்றிலையை வாங்காமல் விழித்துக்கொண்டிருந்ததைப் பார்த்து அவர் நிலைமையைச் சமாளிக்கச் சிரித்தார். "அந்தக் காலம் பின்ன மாப்பிள்ளை, கதவு கிட்ட கொட ஒண்ணு, தடி ஒண்ணு, வெளக்கு ஒண்ணு தயாரா வைக்க வேணும். மாமியார் எந்த நேரமும் போகச் சொல்லலாம்தானே. மழை இருக்கலாம், இருட்டு இருக்கலாம், காய்ச்சலும் இருக்கலாம். இப்ப அப்படி இல்ல. பயம் வேணாம்."

அக்கா பட்டென்று சொன்னாள்: "எங்க வீட்டுக்காரருகிட்ட ஒரு ட்ரங்குப் பெட்டிதான் இருந்துச்சு. வந்த அன்னிக்கே அதப் பூட்டி சாவிய நான் இடுப்புல சொருகிட்டேன்."

நானா இதைச் சிங்களத்தில் சொன்னதும் கடையே அதிர்ந்தது. பக்கத்து மேசையில் ரொட்டி தின்றுகொண்டிருந்தவனுக்குப் புரையேறியது. குணதாசவின் மனைவி, கால் வலியோடு உட்கார்ந்திருந்த அந்த அம்மா, சிரித்துச் சிரித்துக் கண்ணைத் துடைத்தார். பிறகு அக்காவின் பக்கமாகத் திரும்பி மெதுவாக ஒன்று கேட்டார். நானா சிரிப்பை நிறுத்திவிட்டுச் சொன்னார்:

"ஒங்க வீட்டுல அவரு சந்தோசமா இருந்தாரான்னு கேக்குறாங்க."

நான் கேட்க வேண்டிய கேள்வி அது. என் பையன் அங்கே சந்தோஷமாக இருப்பானா என்பதுதானே, பச்சைப் பெயிண்ட்டுக்கும் முறுக்கலுக்கும் அடியில் எனக்கிருந்த பயம்? நான் அக்காவின் வாயைப் பார்த்தேன்.

"நான் கேட்டதில்லைங்க" என்றாள். "ஆனா தீபாவளிக்கு அவரு ஊருக்குப் போவாரு, நாலு நாள் இருந்துட்டு வாங்கன்னுதான் அனுப்புவேன். மறுநாளே வந்து நிப்பாரு. ஏன்னு கேட்டா, வீட்ட விட்டுப் போனா தூக்கம் வர மாட்டேங்கிதும்பாரு."

உண்மைதானா மச்சான்? பொகவந்தலாவையில் பிறந்து வளர்ந்தவர், எங்கள் காம்பராவையா 'வீடு' என்றீர்கள்? அக்காவுக்காகச் சொன்னதா, நிஜமாகவே தூக்கம் வரவில்லையா?

நான் எழுந்து இரண்டு கையாலும் வெற்றிலையை வாங்கிக்கொண்டேன். என் தட்டை எடுத்து அவர் கையில் கொடுத்தேன். லெட்சுமி என்னை ஆச்சரியமாகப் பார்த்தாள். நான் ஒரு பேச்சைப் பாதியில் விட்டதை அவள் அதற்குமுன் பார்த்ததில்லை. அவர்கள் கொண்டுவந்த கெவும் பலகாரம் எங்கள் பக்கம் வந்தது, எங்கள் முறுக்கு அவர்கள் பக்கம் போனது, நானாவுக்கு இரண்டும் போனது. சித்திரைப் புத்தாண்டு இரண்டு வீட்டுக்கும் ஒரே நாளில் பிறப்பதால், அன்றைக்கு எந்த வேன் எந்தப் பக்கம் போக வேண்டும் என்பதை மட்டும் அப்போதே உறுதியாகப் பேசிக்கொண்டோம்.

வைகாசியில் கல்யாணம். ஒன்று மட்டும் உங்களுக்கு வாக்குத் தருகிறேன். பையனைக் கொண்டுபோய் விடுகிற அன்று, பட்டிப்பொல வாசலில் தாம்பாளத்தை ஏந்தி முதலில் நடக்கப் போவது அக்காதான். புருஷனை இழந்தவள் முன்னால் போகலாமா என்று கூட்டத்தில் ஒரு வாய் திறந்தால்கூட, என் வாய் எதற்கு இருக்கிறது?

புறப்படும்போது குணதாச என் கையைப் பிடித்துக்கொண்டு, "மகனப் பத்தி நாங்க தெரிஞ்சி வைக்க வேண்டியது ஏதும் இருக்கா?" என்று கேட்டார். "கொறட்டை விடுவான், மத்தபடி தங்கம்" என்றேன். எல்லோரும் சிரித்தார்கள். நானும் சத்தமாகச் சிரித்து, நாக்கு நுனி வரை வந்த ஒன்றை விழுங்கிவிட்டேன். சொல்லியிருந்தால் கடை நடுவில் அழுதிருப்பேன். அவரிடம் சொல்லாமல் விட்டதை உங்களுக்கு மட்டும் எழுதுகிறேன்: பயப்படாதீங்க மாத்தயா, எம் பையன வளத்தது எங்க வீட்டுக்கு வந்த மாப்பிள்ள. போன வீட்டத் தன் வீடாக்கிக்க அவனுக்கு யாரும் சொல்லிக்குடுக்க வேண்டியதில்ல.

உங்கள் பெண்டாட்டியின் தம்பி,
இன்னும் வாய் அடங்காத மச்சினன்,
வேலு