எட்டு வாரக் கெடு

12.2.2025, புதன்

வக்கீல் ஹேமநாத் போன் செய்தார். அரசு எங்களுக்குக் கொடுத்த இலவச வீட்டுமனைப் பட்டாவை ரத்து செய்ததை எதிர்த்துப் போட்ட மேல்முறையீட்டை எட்டு வாரத்துக்குள் முடிக்கும்படி ஹைகோர்ட்டு உத்தரவாம். மூன்றரை வருஷம் தூங்கிய ஃபைல்! என் வீட்டுக்காரர் தறியை விட்டு எழுந்தோடி, தெருவுக்கே பக்கோடா வாங்கி வந்தார். பக்கத்து வீட்டுப் பச்சையம்மாள், "பட்டா வந்துடுச்சாமே சசி!" என்று கட்டிக்கொண்டாள். நானும் ஆமாம் என்றேன்.

15.2, சனி

வெட்கமாக இருக்கிறது. ஜெயிக்கவே இல்லையாம். சட்டப்படி ஒரு முடிவெடுங்கள் என்றுதான் கோர்ட்டு சொல்லியிருக்கிறது, கொடுங்கள் என்று சொல்லவில்லை. பக்கோடா தின்றவர்களிடம் இதை எப்படிச் சொல்ல?

20.3, வியாழன்

ஐந்து வாரம் போயிற்று. கடிதம் எதுவும் இல்லை.

நினைத்தாலே வயிறு எரிகிறது. 'வீடு பூட்டியிருக்கிறது, யாரும் குடியில்லை' என்று எழுதித்தானே ரத்து செய்தார்கள்? பகலில் எப்படித் திறந்திருக்கும்? காலை ஏழு மணிக்கு முதலாளி வீட்டுத் தறியில் உட்கார்ந்தாக வேண்டும். கோர்வைக் கரைப் பட்டுக்கு இரண்டு பேர் வேண்டும். அவர் நெய்ய, கரைக்குத் தறி நாடா தள்ள நான் பக்கத்திலேயே இருக்க வேண்டும். பூட்டாமல் போனால் சிலிண்டர் மிஞ்சுமா?

28.3, வெள்ளி

நோட்டீஸ் வந்தது. ஏப்ரல் 3, காலை பதினொரு மணிக்கு இருவரும் விசாரணைக்கு நேரில் வர வேண்டும். இப்போது எல்லாமே ஜல்தி ஜல்தி.

3.4, வியாழன்

போய் வந்தோம். அதிகாரி மரியாதையாகத்தான் பேசினார். ரேஷன் கார்டு, கரண்ட் பில் எல்லாம் பார்த்தார். தறி விஷயத்தைச் சொன்னதும் தலையாட்டினார். "சரிம்மா, முடிவு தபால்ல வரும்" என்றார். வருகைப் பதிவேட்டில் கையெழுத்துப் போட்டுவிட்டு வந்தோம். எனக்கு நம்பிக்கையாகத்தான் இருக்கிறது.

11.4, வெள்ளி

தள்ளுபடி. எட்டு வாரம் முடிகிற அன்றைக்குக் கையெழுத்துப் போட்டிருக்கிறார்கள்.

காரணம்: 'நேரடி ஆய்வு, 3.4.2025, காலை 11.30. வீடு பூட்டியிருந்தது.'

மூணாந்தேதி! பதினொன்றரைக்கு நாங்க எங்க இருந்தோம்? கூப்ட்டதே நீங்கதானே? உங்க எதுர்லதானே கைய கட்டிகினு நின்னோம்? கெடு முடியப் போவுதுன்னு ஒருத்தர அங்க, ஒருத்தர இங்க அனுப்பி, ஒரே நாள்ல கணக்க முடிச்சிட்டீங்களா? ஐயோ, பாவிங்களா.

வீட்டுக்காரர் சோறு தின்னவில்லை.

12.4, சனி

"விடுங்கம்மா, திரும்ப கோர்ட்டுக்குப் போலாம். அன்னிக்குப் பதிவேட்டுல நீங்க போட்ட கையெழுத்து ஒண்ணு போதும்" என்றார் வக்கீல்.

"அது எத்தினி வாரம் சார் ஆவும்?"

"அத சொல்ல முடியாதும்மா. நடுவுல எப்ப வேணா திரும்ப பாக்க வருவாங்க."

21.4, திங்கள்

இன்று முதல் நான் தறிக்குப் போகவில்லை. முதலாளி என் இடத்தில் வேறொரு பெண்ணை உட்கார வைத்துவிட்டார். வீட்டுக்காரர் மட்டும் போனார்.

கதவை அகலத் திறந்து வைத்து உட்கார்ந்திருக்கிறேன். பச்சையம்மாள் எட்டிப் பார்த்து, "யாருக்குடி காத்துகினு கீற?" என்றாள். என்னவென்று சொல்ல?

உப்பு தீர்ந்துவிட்டது. கடை தெருமுனையில்தான் இருக்கிறது. அவர் வந்த பிறகு போகலாம்.