அழைப்புமணியில் தேசாதிபதி

எசன், வியாழக்கிழமை



எங்கள் வீட்டு அழைப்புமணியில் 'வெல்டன்' என்று எழுதியிருக்கிறது. இலங்கையை ஆண்ட வெள்ளைக்காரத் தேசாதிபதியின் பெயர் அது. ஒரு கொலை வழக்கில் அகப்பட்ட அப்பப்பாவுக்கு அவர் மன்னிப்புக் கொடுத்தார். அந்த நன்றிக்காக என் அப்பாவுக்கு அவர் பெயரை வைத்தார்கள். நான் ஜெர்மனிக்கு வந்தபோது அப்பாவின் பெயரே குடும்பப்பெயராகிவிட்டது. அப்பம்மாவின் மனுவைப் படித்துத் தேசாதிபதி மனம் இரங்கினார் என்றுதான் பிள்ளைகளுக்கும் சொல்லி வளர்த்தேன்.

சரித்திரம் படிக்கும் மகள், லண்டனிலிருந்து எடுப்பித்த அந்த வழக்குக் கோப்பை இன்று சாப்பாட்டு மேசையில் விரித்தாள்.

"அப்பா, மனுவைப் பற்றி இதிலை ஒண்டுமே இல்லை. கூட இருந்த ஆக்களைக் காட்டிக்குடுத்தால் மன்னிப்பு எண்டு தேசாதிபதி எழுதியிருக்கிறார்."

"அப்பப்பா காட்டிக்குடுத்தவரோ?"

"ஓம். மூண்டு பேரை. மூண்டு பேருக்கும் தூக்கு. அதுக்கும் தேசாதிபதிதான் கையெழுத்து."

கோப்பை வாங்கி அந்த மூன்று பெயர்களையும் நானே வாசித்தேன். முதலாவது பெயர் கந்தையா. அப்பப்பாவின் சொந்தத் தம்பி என்று பக்கத்திலேயே எழுதியிருக்கிறது.

அப்பப்பாவுக்கு ஒரு தம்பி இருந்ததாக எங்கள் வீட்டில் யாரும் எனக்குச் சொன்னதே இல்லை.