படத்தில் வந்தவளுக்கு மேத்ஸ் குரூப் இல்லை

நேற்றுச் சாயங்காலம் என் மகள் போனில் கணக்கைப் பற்றிய பழைய ஆவணப்படம் ஒன்றைப் பார்த்துக்கொண்டிருந்தாள். "அம்மா, நெய்வேலியக் காட்றாங்க!" என்று கூப்பிட்டாள். போய்ப் பார்த்தால், நீ. ஒன்பதாம் வகுப்புச் சீருடையில், நம் வகுப்பறைத் தரையில் குந்திக்கொண்டு புளியங்கொட்டைகளைச் சதுரமாக அடுக்குகிறாய்.

"ஒத்தப்படை எண்ணுங்கள ஒண்ணுலேர்ந்து வரிசையா கூட்டிகினே போனா, சதுரம் வந்துகினே இருக்கும்ங்க."

"ஏன்?" என்கிறது ஒரு குரல். நீ வாயைத் திறக்கிறாய். உடனே காட்சி மாறிவிடுகிறது. கோட்டு போட்ட ஒரு பேராசிரியர் வந்து காரணத்தை விளக்குகிறார்.

அந்தக் காரணத்தை அன்றைக்கே நீ சொன்னாய். நான் பக்கத்தில்தான் நின்றிருந்தேன். "ரெண்டு ஓரத்துலயும் ஒவ்வொரு வரிச ஏத்தறோம், மூலைக்கு ஒண்ணு வெக்கறோம். அந்த ஒண்ணாலதான் ஒத்தப்படை." படம் எடுக்க வந்தவர்கள் கைதட்டினார்கள். தலைமையாசிரியை உன் தோளில் கைபோட்டுப் போட்டோ எடுத்துக்கொண்டார்.

பத்தாவதில் கணக்கில் நீதான் பள்ளிக்கே முதல். இங்கிலீஷ் காலை வாரிவிட்டது. மொத்த மார்க் போதாது, மேத்ஸ் குரூப் கிடையாது என்றார்கள். மைன்ஸில் கான்ட்ராக்ட் வேலை பார்த்த உன் அப்பா, ஷிப்ட் முடிந்து கரித்தூசியோடு அப்படியே வந்து நின்றார்.

"படத்துலயே வந்துச்சுங்களே எம் பொண்ணு..."

"படம் வேற, அட்மிஷன் வேற" என்றார் அதே தலைமையாசிரியை.

எனக்குக் கிடைத்தது. மைன்ஸில் பெர்மனென்ட் வேலையில் இருந்தவர் வீட்டுப் பிள்ளை, குவார்ட்டர்ஸில் டியூஷன் இருந்தது, இங்கிலீஷ் வந்தது. உன்னை டைப்பிங் சொல்லித்தரும் குரூப்பில் போட்டார்கள். ஒரு வருஷம்கூட நீ தாங்கவில்லை. பிறகு கல்யாணம், கம்மாபுரம். அதற்கப்புறம் உன்னைப் பற்றி எனக்கு வந்த ஒரே சேதி, போன ஐப்பசியில் மஞ்சள் காமாலையில் நீ போய்விட்டாய் என்பதுதான்.

இன்று காலை பஸ் பிடித்துக் கம்மாபுரம் போய் உன் வீட்டுக்காரரிடம் படத்தைக் காட்டினேன். அவர் போனையே பார்த்துக்கொண்டிருந்தார்.

"கணக்கா? அதுக்குக் கணக்கு வரும்னே எனக்குத் தெரியாதுங்க. வூட்ல ஒரு நாளும் சொன்னதில்ல." போனை என் பக்கம் நீட்டி, "இன்னொரு தபா போடுங்க" என்றார்.

திரும்பி வரும்போது எனக்கு அழுகை வரவில்லை. இத்தனை வருஷம் அந்தக் கணக்கையெல்லாம் என்னடி செய்தாய்? யாருக்கும் தெரியாமல் உனக்குள்ளேயே போட்டுக்கொண்டிருந்தாயா, இல்லை, சனியன் என்று அன்றைக்கே தலைமுழுகிவிட்டாயா? எதுவாக இருந்தாலும் எனக்கு ஆறவில்லை.