இல்லாத விரலில் வலி

அன்புள்ள யாபா,

சலாம். துபாயில் உங்கள் மகள் நான் நன்றாகத்தான் இருக்கிறேன். உங்கள் சர்க்கரையும் யும்மாவின் முட்டிவலியும் எப்படி இருக்கின்றன?

மருத்துவமனைக் குறிப்புகளைப் படித்து, ஒவ்வொரு நோய்க்கும் உரிய குறியீட்டு எண்ணை, 'கோடு' என்பார்கள், போடுவதுதானே என் வேலை. நேற்று ஒரு வேடிக்கை. ஒருவருக்கு விபத்தில் இடது கால் போய் ஒன்பது வருடம். டாக்டரோ, 'இடது கால் பெருவிரலில் வலி' என்று எழுதியிருந்தார். பிழை என்று திருப்பி அனுப்பிவிட்டேன்.

மேலாளர் நஜ்லா, சூடான்காரர், என் மேசைக்கே வந்துவிட்டார். "அடி பொண்ணே, பிழை அவரோடது இல்ல, உன்னோடது. இல்லாத காலும் வலிக்கும். அதுக்குன்னு தனிக் கோடே இருக்கு. முதல்ல வலியைப் போடு, அப்புறமா கால் போன கதையைப் போடு."

போட்டுவிட்டேன். ஆனால் எனக்கு ஒன்றுமே புரியவில்லை, யாபா. பஸ்ரா பேரீச்சந்தோப்பில் கண்ணிவெடி உங்கள் இடது காலைக் கொண்டுபோனபோது நான் பிறக்கவே இல்லை. குளிர்காலம் வந்தால், "இடது கால் குளிருதும்மா, போர்வையை இழுத்து விடு" என்பீர்கள். நாங்கள் விழுந்து விழுந்து சிரிப்போம். நீங்களும் சிரிப்பீர்கள். அது வேடிக்கைக்குச் சொன்னதா, இல்லையா?

தேநீருக்குப் போடக் காய்ந்த எலுமிச்சை கொஞ்சம் அனுப்புங்கள். ஒருத்திக்கு மட்டும் போடுகிற தேநீர் ருசிக்கவே மாட்டேன் என்கிறது.

நஜ்லா கூப்பிடுகிறார், முடிக்கிறேன். யும்மாவிடம் காரணம் சொல்ல வேண்டாம். போர்வையை இடது பக்கமும் இழுத்து விடச் சொல்லுங்கள்.

ஹதீல்