நடுவில் நிற்கிறவளுக்கு

அன்பு மனைவிக்கு,

இங்கே நானும் நம் மகளும் நலம். உன் நலத்தை நீ எழுதுவதைவிட உன் கையெழுத்துதான் சரியாகச் சொல்கிறது. போன கடிதத்தில் அது கோழி கிளறியதுபோல இருந்தது.

பாலத்தில் சின்ன சலசலப்பு, இரு ஊர்க்காரர்களுக்கும் நடுவில் போய் நின்றோம், மொழிபெயர்க்கும் பெண்ணுக்குத் தோளில் குண்டு பட்டது, நான் நலம் என்று அதை நாலு வரியில் முடித்துவிட்டாய். மிச்சப் பக்கமெல்லாம் உன் சமாதானப் பணி அலுவலகத்துக்கு அர்ச்சனை. துப்பாக்கிச் சூட்டில் சிக்கியவர்கள் வீட்டுக்குப் போய் ஓய்வெடுத்தே ஆக வேண்டும், தேர்வெழுதி உரிமம் வாங்கிய பிறகுதான் திரும்பலாம் என்று புது விதியாம். “இத்தனை வருஷம் வெறுங்கையோட நடுவுல நின்னவளுக்கு இப்ப பரீட்சையா?” என்று கேட்டிருக்கிறாய். விலக்கு கேட்கப் போகிறாயாம்.

அதற்கு முன் இங்கே நடந்த கூத்தைக் கேள். மாடி ஆசிரியை காயப்போட்ட துணியிலிருந்து சொட்டிய தண்ணீர், கீழ்வீட்டுத் தையல்காரர் வெட்டி வைத்திருந்த கல்யாணத் துணியில் விழுந்துவிட்டது. இருவரும் வாசலில் கத்தினார்கள். சமாதான ஊழியரின் கணவன் சும்மா இருப்பேனா? நடுவில் போய், ரெண்டு பேரும் கொஞ்சம் விட்டுக் கொடுங்க என்றேன். அடுத்த நொடி இருவரும் ஒன்று சேர்ந்துவிட்டார்கள், என்னைத் திட்டுவதற்கு. “நீங்க போய் பஸ்ஸ ஓட்டுங்க” என்றார் ஆசிரியை. நம் மகளுக்குச் சிரித்துச் சிரித்துப் புரையேறிவிட்டது. “அம்மா முதல்ல ரெண்டு பேர் வீட்டுக்கும் தனித்தனியா போய்க் கேப்பாங்கப்பா. நீங்க எடுத்த எடுப்புல தீர்ப்பு சொல்லிட்டீங்க” என்றாள். இரண்டு வீட்டாரும் இன்னும் என்னோடு பேசுவதில்லை.

இதை உன் அண்ணனிடம் சொல்லிச் சிரித்தேன். மச்சான் சிரிக்கவில்லை. “அது சேவைதானே மாப்ள, நல்ல மனசு இருந்தா போதாதா? அதுக்கு எதுக்கு உரிமம்?” என்றார். எனக்குச் சுருக்கென்றது. என் மனசும் நல்ல மனசுதான், வாசலில் அது எதற்கு உதவியது?

நீயும் மச்சான் பக்கமே பேசுகிறாய் என்பதுதான் என் வருத்தம். எத்தனை வருடம் ஓட்டினாலும் என்னைக் கண் பரிசோதனைக்குக் கூப்பிடுகிறார்கள். விபத்து நடந்தால் மறுநாள் வண்டியைத் தரமாட்டார்கள். அதை யாரும் அவமானம் என்று சொல்வதில்லை, ஏனென்றால் ஓட்டுவது ஒரு தொழில். தோளில் குண்டு பட்ட அந்தப் பெண்ணை நினைத்துப் பார். தொண்டர் என்றால் கைதட்டலோடு அனுப்பிவிடுவார்கள். உரிமம் வாங்கிய ஊழியர் என்றால் தோள் குணமாகும்வரை அலுவலகம் அவளோடு நின்றாக வேண்டும். அவளுக்காகவாவது நீ அந்தத் தேர்வை எழுது. முதல் ஆளாக எழுது.

அதற்கு முன் ஓய்வுக்கு வா. நம் மகள் ஏங்குகிறாள் என்று எழுதத்தான் பேனா எடுத்தேன். பொய். அவள் உன்னைப் போலத் திடமாகத்தான் இருக்கிறாள். அந்த நாலு வரியை மடித்துச் சட்டைப் பையில் வைத்துக்கொண்டு வண்டி ஓட்டுகிறவன் நான்தான்.

நீ நிற்கும் இடத்திலெல்லாம் துப்பாக்கிகள் தாழட்டும். விலக்கு மட்டும் கேட்காதே, கண்ணம்மா.

உன்,
பயந்தாங்கொள்ளி