அக்கா இல்லாத வீடியோ

ஸ்காபரோ,
ஒக்ரோபர் 1994

அன்புள்ள அப்பாவுக்கு,

நடந்ததை ஒன்றும் மறைக்காமல் எழுதுகிறேன். கொழும்புக்கு நாங்கள் அனுப்பும் நேற்றைய அழகுராணிப் போட்டி வீடியோவில் அக்காவைத் தேடாதீர்கள்.

போன வருடம் அக்கா அழகுராணியானதைத் தமிழ் ரீவியில் காட்டியபோது, மீன்கடைக்காரர்கூட "ராணி வாறா, வழிவிடுங்கோ" என்றார். பொங்கலுக்குப் பிறகு யாரும் அப்படிச் சொல்லவில்லை. ஆனாலும் புது ராணிக்குப் பழைய ராணிதான் கிரீடம் வைப்பது வழக்கம். அதற்காக அக்கா நேற்று நீங்கள் அனுப்பிய சேலையைக் கட்டி, கிரீடத்தோடு மண்டபத்துக்கு வந்தாள்.

மேடைப் படியில் அறிவிப்பாளர் மறித்தார்.

"தங்கச்சி, கிரீடத்தைத் தாங்கோ. ஸ்பொன்சர் அங்கிள்தான் வைக்கப்போறார்."

அக்கா கழற்றிக் கொடுத்தாள். கலைந்த தலையை அம்மா வாரிவிடப் போனார்.

"விடுங்கோ அம்மா. இனி ஆர் பாக்கினம்?"

எல்லோரும் போனபின் அவளே வீடியோக்காரரிடம் போனாள்.

"அண்ணை, என்னை ஒருக்கா எடுங்கோ. அப்பாக்கு மட்டும்."

"கெதியா ஏறி நில்லும் பிள்ளை, நேரமில்லை."

அவர் கமராவை மறுபடி தோளில் வைத்தார். அக்கா மேடையில் நின்று, களைத்த முகத்தோடு சிரிக்கத் தொடங்கினாள். அதற்குள் மண்டபத்தைப் பூட்ட வந்தவர்கள் விளக்குகளை அணைத்துவிட்டார்கள்.

உங்கள் சின்ன மகள்