கூண்டைச் சமையலறைக்கு மாற்றாதே

லோர்ன்,

உறைபனியில் ஆடுகள் குட்டி போடுகின்றன. மேட்டுப் புல்வெளிக்குப் போகிறேன்.

கிளி இன்னும் இறகைச் சிலிர்த்துக்கொண்டே உட்கார்ந்திருக்கிறது. மூச்சுக்கு மூச்சு வால் ஆடுகிறது. சமையலறைதான் கதகதப்பு என்று கூண்டை அங்கே மாற்றிவிடாதே. நான்ஸ்டிக் வாணலி அதிகம் காய்ந்தால் எழும் புகை நமக்குத் தெரியாது, கிளியைக் கொன்றுவிடும். முட்டைக்கு இரும்புச் சட்டியை எடு. ஆர்மிடேல் நகரிலிருந்து பறவை மருத்துவர் மதியம் வருகிறார், நாயைக் கட்டிவை.

“கிளியப் பாக்குறதுல பாதியாச்சும் என்னைப் பாத்தியா, வெரிட்டி?” என்று நேற்றுக் கேட்டாய்.

வெரிட்டி

இன்னொன்று: உன் இருமலும் விடிய விடியக் கேட்டது. ஹீட்டரை உங்கள் இரண்டு பேருக்கும் நடுவில் வைத்திருக்கிறேன். கூண்டின் மேல் கிடப்பது பழைய போர்வை. உன்மேல் கிடப்பது என்னுடையது.